தேவாங்கின் கண்ணும் நம் கைவிளக்கும்: கடவூர்க் காட்டில் பார்ப்பதற்கும் படமெடுப்பதற்கும் உள்ள வரம்புகள்

2022ஆம் ஆண்டு அக்டோபரில் தமிழ்நாடு அரசு, கரூர் மாவட்டத்தின் கடவூர் வட்டத்திலும் திண்டுக்கல் மாவட்டத்தின் வேடசந்தூர், திண்டுக்கல் கிழக்கு, நத்தம் வட்டங்களிலும் பரவியிருக்கும் 11,806 ஹெக்டேர் காட்டைக் கடவூர் தேவாங்கு சரணாலயமாக அறிவித்தது. தேவாங்குக்கென்றே இந்தியாவில் அமைந்த முதல் சரணாலயம் இது. அறிவிப்பைத் தொடர்ந்து, அந்த விலங்கை நேரில் பார்க்கலாமா, படமெடுக்கலாமா என்ற கேள்வி பரவலாக எழுந்தது. அதற்குக் கிடைத்த பதில்களோ ஒன்றுக்கொன்று முரணானவை. சரணாலயம் என்றால் சுற்றுலாத் தலம், டிக்கெட் வாங்கினால் போதும் என்கிறார் ஒருவர். உள்ளே கால் வைத்தாலே குற்றம் என்கிறார் இன்னொருவர். டார்ச் அடித்தால் அதற்குக் கண் குருடாகிவிடும் என்று சிலரும், சிவப்பு விளக்காக இருந்தால் இரவு முழுவதும் பார்த்துக்கொண்டிருக்கலாம் என்று சிலரும் சொல்கிறார்கள். இவற்றில் எதுவும் முழு உண்மை இல்லை. உண்மை எவ்வளவு என்பதை அறிய, அந்த விலங்கின் கண்ணிலிருந்து தொடங்க வேண்டும்.

எது தேவாங்கு

தேவாங்கு குரங்கினத்தின் தூரத்து உறவு. குரங்கு, மனிதன், மடகாஸ்கரின் லெமூர் ஆகியவற்றோடு சேர்த்து முதனிகள் என்ற வரிசையில் வைக்கப்படும் பாலூட்டி. கடவூரிலும் திண்டுக்கல் மாவட்டத்து அய்யலூரிலும் வாழ்வது சாம்பல் தேவாங்கு. அதன் எடை ஏறத்தாழ 200 முதல் 300 கிராம், அதாவது ஒரு பெரிய கொய்யாப்பழத்தின் எடை. வெளியே தெரியும் வால் கிடையாது. குச்சி போன்ற கைகால்கள், முகத்தின் பெரும்பகுதியை அடைத்துக்கொண்ட இரண்டு வட்டக் கண்கள். மெலிந்தவரைத் தேவாங்கு என்று கேலி செய்யும் வழக்கம் இந்த உருவத்திலிருந்து வந்ததுதான்.

இங்கே ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்வது நல்லது. சமூக வலைதளங்களில் தேவாங்கு என்ற பெயரோடு சுற்றும் காணொளிகளில் பல, வடகிழக்கு இந்தியாவிலும் தென்கிழக்கு ஆசியாவிலும் வாழும் பருத்த உடல்கொண்ட வேறு தேவாங்கு இனங்களுடையவை. அவற்றின் முழங்கைக்கு அருகே ஒரு சுரப்பி உண்டு. அதன் கசிவை உமிழ்நீரோடு கலந்து கடிக்கும்போது அந்தக் கடி நச்சாகிறது. தமிழகத்துத் தேவாங்கு அந்த இனத்தைச் சேர்ந்ததன்று. தமிழகத்திலேயே இரண்டு கிளையினங்கள் உள்ளன. வறண்ட முட்காடுகளில் வாழ்வது ஒன்று. களக்காடு முண்டந்துறை போன்ற மேற்குத் தொடர்ச்சி மலையின் ஈரக்காடுகளில் வாழ்வது மற்றொன்று. இலங்கையில் சாம்பல் தேவாங்கோடு, அந்நாட்டுக்கே உரிய செந்தேவாங்கும் உண்டு.

மலைகள் வளையம்போலச் சூழ, நடுவே ஊர்களும் வயல்களும் அமைந்த நிலம் கடவூர். உசிலையும் வேலமுமாக நெருங்கிய அந்தக் காட்டில் பகல் முழுவதும் தேவாங்குகள், முட்கிளைகள் பின்னிக்கிடக்கும் இடத்தில் ஒன்றையொன்று கட்டிக்கொண்டு பந்தாகச் சுருண்டு உறங்கும். அந்தி சாய்ந்ததும் பிரிந்து தனித்தனியே இரை தேடப் போகும். விடிவதற்குள் மீண்டும் கூடும். 1990களின் பிற்பகுதியில் அய்யலூர்ப் பகுதியில் ஆய்வு செய்த ஆன்னா நெகாரிஸ், இவற்றின் உணவு ஏறக்குறைய முழுவதும் சிற்றுயிர்களே என்றும் அவற்றில் எறும்பும் கரையானும் பெரும்பங்கு என்றும் பதிவு செய்தார். இரை பிடிக்கும் விதத்தில்தான் அதன் வாழ்க்கைமுறை முழுவதும் அடங்கியிருக்கிறது. பின்கால்களால் கிளையைப் பற்றிக்கொண்டு, இலை அசையாதபடி உடலை முன்னே நீட்டி, கணநேரத்தில் கையை வீசிப் பூச்சியைப் பிடிக்கும். இத்தனையும் நடப்பது, நம் கண்ணுக்கு எதுவும் புலப்படாத இருட்டில்.

இருட்டுக்கான கண்

விழித்திரையில் இரண்டு வகை ஒளியுணர் செல்கள் உள்ளன. பகல் வெளிச்சத்தில் நிறம் காண்பவை கூம்பு செல்கள். மங்கலில் வேலை செய்பவை குச்சி செல்கள். தேவாங்கின் விழித்திரையில் குச்சி செல்களே மிகுதி. நிறங்களைப் பிரித்தறியும் திறன் அதற்கு இல்லை. விழித்திரைக்குப் பின்னால் கண்ணாடிபோல் ஒளியைத் திருப்பி அனுப்பும் ஒரு படலமும் உண்டு. முதல் முறை பிடிபடாமல் விழித்திரையைக் கடந்த ஒளி, திரும்பி வரும்போது இரண்டாம் முறை பிடிபடுகிறது. வண்டி விளக்கில் மாட்டின் கண் மின்னுவது இத்தகைய படலத்தால்தான். தேவாங்கின் கண் கங்குபோல் செம்மஞ்சளாக மின்னும்.

இதிலிருந்து பார்வையாளருக்கு வேண்டிய மூன்று முடிவுகள் கிடைக்கின்றன.

1. குச்சி செல்களில் உள்ள ரொடாப்சின் என்ற நிறமி, ஏறத்தாழ 500 நானோமீட்டர் அலைநீளமுள்ள நீலப்பச்சை ஒளியில் மிகக் கூர்மையாக வினைபுரியும். 620 நானோமீட்டருக்கு மேற்பட்ட சிவப்பில் அதன் கூர்மை மிகவும் குறைவு. கடைகளில் விற்கும் வெள்ளை எல்.இ.டி. டார்ச்சில் நீல ஒளி நிறைய உண்டு. ஆகவே அதே பளிச்சிடும் அளவில் வெள்ளை ஒளி தேவாங்கைத் தாக்கும் அளவு வேறு, சிவப்பு ஒளி தாக்கும் அளவு வேறு.

2. பலத்த ஒளி பட்டால் ரொடாப்சின் சிதைந்து, மீண்டும் உருவாக நேரம் எடுக்கும். வெளிச்சத்திலிருந்து இருட்டுக்கு வரும் மனிதக் கண்ணே முழுமையாகப் பழக அரை மணி நேரம் ஆகிறது. டார்ச் அடித்தால் தேவாங்கு நிரந்தரமாகக் குருடாகும் என்ற பேச்சை விட்டுவிடலாம். ஆனால் ஒளி பட்ட பிறகு சிறிது காலத்துக்கு அதன் பார்வை மங்கிவிடுகிறது. இரையைப் பார்த்துப் பிடிக்கும் விலங்குக்கு, ஆந்தைக்கும் காட்டுப்பூனைக்கும் அஞ்சி வாழும் விலங்குக்கு, அந்தச் சிறிது காலமே பெரிய இழப்பு.

3. அந்தப் படலம் ஒளியை வந்த திசையிலேயே திருப்பி அனுப்புகிறது. ஆகவே நம் கண்மட்டத்தில், நெற்றியில் கட்டிய மங்கலான விளக்கே தொலைவிலிருந்து கண்மினுக்கத்தைக் காணப் போதும். பெரிய டார்ச் தேவை என்ற எண்ணம் இயற்பியல் அளவிலேயே தவறு.

சிவப்பு விளக்கைப் பற்றிய உண்மையும் இதில் அடங்கிவிடுகிறது. சிவப்பு குறைவாகத் தெரிகிறது என்பது உண்மை. தெரியவே தெரியாது என்பது தவறு. அமெரிக்க விலங்குக்காட்சிசாலைகளில் தேவாங்கு வகைகளையும் அவற்றின் உறவினங்களையும் நீல ஒளியிலும் சிவப்பு ஒளியிலும் வைத்து ஒப்பிட்ட ஆய்வில், நீல ஒளியில் அவற்றின் நடமாட்டம் குறைந்ததும், இரவை உடலுக்கு உணர்த்தும் மெலட்டோனின் என்ற சுரப்பு உமிழ்நீரில் குறைந்ததும் தெரியவந்தது. சிவப்பு அதைவிட மேல் என்பதற்கு இது சான்று. எனினும் அருகில் நின்று நெடுநேரம் அடிக்கும் சிவப்பு, தூரத்திலிருந்து நொடிப்பொழுது பட்ட வெள்ளையைவிட நல்லது என்று சொல்லிவிட முடியாது. நிறம், செறிவு, நேரம் மூன்றும் சேர்ந்ததே ஒளியின் பாதிப்பு.

அசையாமல் இருப்பதன் பொருள்

இரவுநேரப் பார்வையாளர்கள் செய்யும் பெரும்பிழை ஒளியில்கூட இல்லை. விலங்கின் நடத்தையைத் தவறாகப் படிப்பதில் இருக்கிறது.

தேவாங்கு தாவாது. ஒரு மரத்திலிருந்து இன்னொன்றுக்குப் போகக் கிளையோடு கிளை தொட்டிருக்க வேண்டும். ஓடித் தப்பும் வழி அதற்குப் பெரும்பாலும் கிடையாது. எனவே ஆபத்தை உணர்ந்ததும் அசைவற்று நின்றுவிடும். கிளையோடு கிளையாகத் தெரிவதே அதன் பாதுகாப்பு. விளக்கு வெளிச்சத்தில் அப்படி நின்று நம்மையே உற்று நோக்கும் தேவாங்கைக் கண்டு, பயப்படவில்லை, பழகிவிட்டது, படத்துக்கு நிற்கிறது என்று சொல்பவர்கள் உண்டு. உண்மையில் அது இரை தேடுவதை நிறுத்திவிட்டது. வழக்கமான வேலையை விட்டுவிட்டு நாம் போவதற்காகக் காத்திருக்கிறது. பத்து நிமிடம் அப்படி நிற்க வைத்தால் அதன் இரவில் பத்து நிமிடத்தைப் பறித்திருக்கிறோம். ஒரே இரவில் நான்கு குழுக்கள் அதே மரத்தடிக்கு வந்தால் கணக்கு எங்கே போகும் என்று எண்ணிப் பார்க்க வேண்டும்.

தொந்தரவு இல்லாத தேவாங்கு எப்படியிருக்கும் என்று தெரிந்தால் வேறுபாடு எளிதில் புரியும். எறும்புச் சாரையைக் கண்டால் அள்ளி அள்ளித் தின்னும். எறும்பின் கடியும் காரமும் தாங்காமல் தும்மும், எச்சில் வடிக்கும். தன் சிறுநீரைக் கையிலும் காலிலும் தேய்த்துக்கொள்ளும். தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, அடுத்த கிளையைக் கையால் தொட்டுச் சோதித்துவிட்டு ஏறும். விளக்கைத் தாழ்த்திய ஓரிரு நிமிடத்தில் இந்த வேலைகளுக்கு அது திரும்பினால் நம் இருப்பு அதற்குப் பெரிய சுமையாக இல்லை. திரும்பவில்லையென்றால் விலகிவிட வேண்டும்.

குட்டிகளின் விஷயம் இன்னும் நுட்பமானது. ஏறத்தாழ ஐந்தரை மாதக் கருக்காலத்துக்குப் பின் ஒன்றோ இரண்டோ குட்டிகள் பிறக்கும். முதல் சில வாரங்கள் தாயின் வயிற்றைப் பற்றியே இருக்கும் குட்டியை, பிறகு தாய் ஒரு கிளையில் விட்டுவிட்டு இரை தேடப் போகும். விடியுமுன் வந்து எடுத்துக்கொள்ளும். தனியே கிளையைப் பற்றிக்கொண்டிருக்கும் குட்டியைக் கண்டவர் அது அனாதை என்று நினைத்து இரக்கத்தோடு எடுத்துப் போவதுண்டு. அந்த இரக்கமே அதைத் தாயிடமிருந்து பிரித்துவிடுகிறது. குட்டி இருக்கும் மரத்தடியில் ஆட்கள் நின்றால் தாய் அங்கே வரத் தயங்கும்.

சட்டம் எங்கே நிற்கிறது

1972ஆம் ஆண்டின் வனஉயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் தேவாங்கு முதலாம் அட்டவணையில் உள்ளது. புலிக்கும் யானைக்கும் உள்ள அதே பாதுகாப்பு. இச்சட்டம் 2022இல் திருத்தப்பட்டு 2023 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ளது. முதலாம் அட்டவணை விலங்கு தொடர்பான வேட்டைக் குற்றத்துக்கு மூன்று முதல் ஏழு ஆண்டுவரை சிறையும் 25,000 ரூபாய்க்குக் குறையாத அபராதமும் உண்டு.

படமெடுப்பவர் அறிய வேண்டிய பிரிவுகள் இவை.

1. பிரிவு 27: அனுமதி பெற்றவர், அங்கே வசிப்பவர் போன்ற சிலரைத் தவிர வேறு யாரும் சரணாலயத்துக்குள் நுழையக் கூடாது. எந்த வன விலங்கையும் சீண்டுவதும் துன்புறுத்துவதும் இதே பிரிவில் தடைசெய்யப்பட்டுள்ளன.

2. பிரிவு 28: ஆய்வு, படப்பிடிப்பு, சுற்றுலா முதலியவற்றுக்குத் தலைமை வனஉயிரினக் காப்பாளர் அனுமதி தரலாம். 2022 திருத்தம் படப்பிடிப்புக்கு ஒரு நிபந்தனையைச் சேர்த்தது: வாழிடத்தில் எந்த மாற்றமும் செய்யக் கூடாது, வாழிடத்துக்கோ விலங்குக்கோ பாதிப்பு ஏற்படக் கூடாது. படத்தில் மறைக்கிறது என்று ஒரு கிளையை ஒடித்தாலே இந்த நிபந்தனை மீறப்படுகிறது. தேவாங்குக்கு அந்தக் கிளை ஒரு பாலம் என்பதை நினைத்தால் நிபந்தனையின் நியாயமும் விளங்கும்.

3. பிரிவு 2(16): வேட்டை என்ற சொல்லுக்குச் சட்டம் தரும் பொருள் நாம் நினைப்பதைவிட விரிவானது. கொல்வது மட்டுமின்றி, பிடிப்பது, விரட்டுவது, இரை வைத்து ஈர்ப்பது, இவற்றுக்கு முயல்வது அனைத்தும் அதில் அடங்கும். மரத்தை உலுக்கிக் கீழே இறக்குவதும், கையில் பிடித்துப் படமெடுப்பதும், வெட்டுக்கிளியைக் கிளையில் கட்டிக் காத்திருப்பதும் எந்த வரையறைக்குள் வரும் என்பதை விளக்க வேண்டியதில்லை.

ஆக, நுழைந்தாலே குற்றம் என்பதும் டிக்கெட் போதும் என்பதும் சரியில்லை. அனுமதியோடு நுழைய வழி இருக்கிறது. பகலுக்குக் கிடைத்த அனுமதி இரவுக்கும் செல்லும் என்று எடுத்துக்கொள்ள முடியாது. இரவுநேரத்தைக் குறிப்பிட்டே கேட்க வேண்டும், வனப்பணியாளர் உடன்வர வேண்டும்.

பார்க்கும் முறை

அனுமதி கிடைத்த பிறகு கடைப்பிடிக்க வேண்டியவற்றில் சில, பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் முதனி வல்லுநர் குழு 2021இல் வெளியிட்ட வழிகாட்டுதல்களில் உள்ளவை. சில, மேலே சொன்ன உயிரியலிலிருந்து நேராக வருபவை.

1. குறைந்தது 7 மீட்டர் தூரம். இது அந்த வழிகாட்டுதலிலேயே உள்ள அளவு. அச்சுறுத்தலைத் தவிர்ப்பதோடு, மனிதரின் சளி, காய்ச்சல் முதனிகளுக்குத் தொற்றாமல் காப்பதும் இதன் நோக்கம்.

2. மங்கலான சிவப்பு நெற்றிவிளக்கு. வெள்ளை டார்ச்சில் மெல்லிய சிவப்புக் காகிதம் ஒட்டினால் வெள்ளை கசியும், சிவப்பு எல்.இ.டி. கொண்ட விளக்கே மேல். ஒளிவட்டத்தின் நடுப்பகுதியை விலங்கின்மேல் வைக்காமல், ஓரத்து மங்கலை மட்டும் படவிட வேண்டும்.

3. ஒரு விலங்குக்கு ஐந்து நிமிடம், ஒரே ஒரு விளக்கு. இந்த ஐந்து நிமிடம் சட்டத்தில் உள்ள எண்ணில்லை, இக்கட்டுரையின் பரிந்துரை. ஆறு பேர் ஆறு விளக்கோடு நிற்பது, தனித்தனியே ஒவ்வொருவரும் எவ்வளவு கவனமாக இருந்தாலும், பலத்த விளக்காகிவிடும்.

4. குட்டியோடு இருக்கும் தாயையும் தனித்திருக்கும் குட்டியையும் கண்டால் நிற்காமல் கடந்து போக வேண்டும். பகலில் உறங்கும் இடம் தெரிந்தாலும் அதை நெருங்கக் கூடாது.

5. தேவாங்கின் குரலைப் பதிவிலிருந்து ஒலிக்கவிடக் கூடாது. இவை சீட்டியடித்துத் தமக்குள் தொடர்புகொள்பவை. பொய்யான சீட்டி அவற்றின் எல்லைகளையும் உறவுகளையும் குலைக்கும்.

கேமராவின் பக்கம்

ஃபிளாஷ் கூடாது. இதில் விவாதத்துக்கு இடமில்லை என்பதே இக்கட்டுரையின் நிலை. இருட்டுக்குப் பழகிய, கண்பாவை முழுதாக விரிந்த கண்ணுக்குள் மிக அருகில் வெள்ளை மின்னலை வீசுவதற்கு எந்தப் படமும் ஈடாகாது. தேவாங்கைவிடப் பெரிய கண்களும் மென்மையான உடலும் கொண்ட டார்சியர் என்ற இரவு முதனியைக் காண பிலிப்பைன்ஸின் போஹோல் தீவிலுள்ள கொரெல்லா சரணாலயத்துக்குப் போகிறவர்களுக்கும் ஃபிளாஷ் அடிக்கவும் தொடவும் தடை உண்டு.

ஃபிளாஷை அணைத்தவர்கள்கூட மறந்துவிடும் ஒன்று, குவியம் பிடிக்க உதவுவதற்காகக் கேமராவின் முகப்பில் தானே எரியும் சிறு விளக்கு. அமைப்புகளில் போய் அதை நிறுத்த வேண்டும். கைப்பேசித் திரையின் வெளிச்சத்தையும் தாழ்த்த வேண்டும்.

அப்படியானால் படம் எப்படிக் கிடைக்கும்? தேவாங்கின் மெதுவான நடையே இங்கே உதவுகிறது. இரண்டு அசைவுகளுக்கு இடையே அது தானாகவே நிற்கும் நொடிகளில், நடுக்கம் தடுக்கும் லென்ஸை மரத்திலோ ஒற்றைக்கால் தாங்கியிலோ சாய்த்துக்கொண்டு, கேமராவின் ஒளியுணர்திறன் அளவான ஐ.எஸ்.ஓ.வை உயர்த்தி வைத்து, முப்பதில் ஒரு நொடி அளவு மெதுவான வேகத்திலும் எடுக்க முடியும். படம் மணல்மணலாகத்தான் இருக்கும். சிவப்பு ஒளியில் எடுத்ததைக் கருப்பு வெள்ளையாக மாற்றுவதே நல்லது. கேமராவின் உணரியில் சிவப்பைப் பதியும் புள்ளிகள் நான்கில் ஒரு பங்குதான் என்பதால் நிறத்துக்காகப் போராடிப் பயனில்லை. ஆட்களே இல்லாமல் எடுக்கும் தானியங்கிக் கேமராக்களில் 940 நானோமீட்டர் அகச்சிவப்பு பயன்படுத்துபவை, மங்கலாகச் சிவந்து தெரியும் 850 நானோமீட்டர் கருவிகளைவிட மேலானவை. ஆனால் அவற்றை வைப்பதற்கும் அனுமதி வேண்டும்.

படத்துக்கு மதிப்பே இல்லை என்பதற்காக இவ்வளவும் சொல்லப்படவில்லை. இலங்கையின் ஹோர்ட்டன் சமவெளிச் செந்தேவாங்கு 1937க்குப் பிறகு நான்கே முறை காணப்பட்டிருந்த நிலையில், அது இன்னும் உயிரோடிருக்கிறது என்பதை உலகுக்குக் காட்டியவை 2010இல் வெளியான படங்கள். அவற்றை எடுத்தவர்கள், பல இரவுகளைக் காட்டில் கழித்து, காடு எவ்வளவு மிஞ்சியிருக்கிறது என்பதையும் சேர்த்து அளந்த ஆய்வாளர்கள்.

படம் வெளியே போன பிறகு

காட்டில் எல்லாவற்றையும் சரியாகச் செய்தவர், வீட்டுக்கு வந்து ஒரே பதிவில் அதைக் கெடுத்துவிடக் கூடும். தேவாங்கின் கண்ணும் உடலும் மாந்திரீகத்துக்கும் நாட்டு வைத்தியத்துக்கும் உதவும் என்ற மூடநம்பிக்கை இன்னும் சாகவில்லை. அதற்காகப் பிடிப்பவர்களுக்கு வேண்டியது ஒரு மரத்தின் முகவரி. கைப்பேசிப் படக்கோப்பில் எடுத்த இடத்தின் அட்சரேகையும் தீர்க்கரேகையும் பதிந்திருக்கும். மூலக்கோப்பாக அனுப்பும்போது அதுவும் கூடவே போகும். கோயில் கோபுரம், மைல்கல், அடையாளம் தெரியும் பாறை ஆகியவை பின்னணியில் இருந்தாலும் அதே விளைவுதான். மாவட்டத்தின் பெயருக்கு மேல் எதையும் குறிப்பிடாமல் இருப்பதே நல்லது.

மனிதக் கை தெரியும் படம் இன்னொரு வகைத் தீங்கு. 2009இல் பரவிய ஒரு காணொளியில், ஒருவர் கிச்சுகிச்சு மூட்ட, பருத்த தேவாங்கு இனம் ஒன்று இரு கைகளையும் தூக்கிக்கொண்டிருந்தது. அதை ரசித்துப் பார்த்தவர் பலருக்கும், கை தூக்குவது முழங்கைச் சுரப்பியை எட்டுவதற்கான தற்காப்பு நிலை என்பது தெரியாது. அந்தக் காணொளியின் கீழ் எழுதப்பட்ட கருத்துகளை ஆராய்ந்து 2013இல் வெளியான ஆய்வு, எனக்கும் ஒன்று வேண்டும் என்று எழுதியவர்கள் பலர் இருந்ததைக் காட்டியது. மீட்புப் பணியில் எடுத்த படமாயினும், கையும் தேவாங்கும் சேர்ந்திருக்கும் படத்தை விளக்கமின்றி வெளியிட வேண்டாம் என்று மேற்சொன்ன 2021 வழிகாட்டுதலின் நோக்கத்தைப் புரிந்துகொள்ளலாம்.

சரணாலய எல்லைக்கு வெளியே

கடைசியாக ஒன்று. தேவாங்கு காப்புக்காட்டில் மட்டும் வாழ்வதில்லை. தோட்டத்து உயிர்வேலியிலும் சாலையோர மரத்திலும் வயலை ஒட்டிய புதரிலும் இருக்கும். நுழைவு அனுமதி பற்றிய பிரிவுகள் அங்கே பொருந்தாதபோதும், முதலாம் அட்டவணைக்குரிய தடைகள் பட்டா நிலத்திலும் அப்படியே செல்லும். சாலையில் அடிபடுவதும் மின்கம்பியில் சிக்குவதும் இந்த இடங்களில்தான் நடக்கின்றன. வேலியின் கிளைத்தொடர் ஓரிடத்தில் அறுந்தால், தாவத் தெரியாத விலங்கு தரையிறங்கிச் சாலையைக் கடக்க வேண்டியிருக்கிறது.

ஊருக்குள் தேவாங்கைக் கண்டவர் செய்ய வேண்டியது சுருக்கமானது. நாயைக் கட்ட வேண்டும். கூட்டத்தை விலக்க வேண்டும். விளக்கை அணைக்க வேண்டும். காயமில்லாமல் மரத்தில் இருந்தால் இருட்டில் தானே போய்விடும். அடிபட்டோ தரையில் கிடந்தோ இருந்தால், காற்றுப் புகும் கூடையால் மெல்ல மூடி, அருகிலுள்ள வனச்சரக அலுவலகத்துக்குத் தகவல் தர வேண்டும். வனப்பணியாளர் வரும்வரை பாலோ பழமோ ஊட்ட முயலக் கூடாது. எந்த மரத்தடியில், எந்த வேலிக்கு அருகில் கிடந்தது என்பதை அவர்களிடம் சரியாகச் சொல்ல வேண்டும். குணமான பிறகு அதைத் திரும்ப விட வேண்டிய இடம் அதுவே.